கனடியக் கால்பந்தில் ஆடியவர் வலிமைப் பயிற்சியாளராக மாறுவது எப்படி

இங்கே கால்பந்து என்பது முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்தி ஓடுகிற, ஓர் அணிக்குப் பன்னிரண்டு பேர் ஆடுகிற கனடிய விளையாட்டைக் குறிக்கிறது. அதன் தொழில்முறைப் போட்டித்தொடரான சிஎஃப்எல்லில் சில ஆண்டுகள் ஆடி ஓய்வுபெற்ற ஒருவர் வலிமைப் பயிற்சியாளராக விரும்பினால், தமக்குப் பலன் தந்த பயிற்சியையே எல்லோருக்கும் கொடுக்கும் ஆசையைத்தான் முதலில் அடக்க வேண்டும். 130 கிலோ எடையுடன், எதிரணியினரை மறிக்கும் தடுப்பு வரிசையில் நின்றவருக்குப் பொருந்திய கனத்த ஸ்குவாட் (தோளில் எடை தாங்கி உட்கார்ந்து எழுவது), வீசப்படும் பந்தை ஓடிப் பிடிக்கும் 85 கிலோ ரிசீவரின் கால்களைக் களைப்படையச் செய்வதோடு நின்றுவிடக்கூடும்.

அடுத்தது கல்வித் தகுதி. வலிமைப் பயிற்சியாளர்களுக்கான, பரவலாக மதிக்கப்படும் சிஎஸ்சிஎஸ் சான்றிதழைப் பெற, இளநிலைப் பட்டமும் இதய மீட்பு முதலுதவிச் சான்றும் தேவைப்படுவதோடு, அறிவியல் அடிப்படை, செயல்முறை என்ற இரு பகுதிகள் கொண்ட தேர்விலும் தேற வேண்டும். தொழில்முறை ஆட்டத்துக்காகப் படிப்பைப் பாதியில் விட்டவர்கள், ஆடிக்கொண்டிருக்கும் காலத்திலேயே எஞ்சிய பாடங்களை முடித்துவிடுவது நல்லது.

பயிற்சித் திட்டம் எழுதுவதற்கு முன், ஆட்டம் உடலிடம் எதைக் கேட்கிறது என்பதை விதிகளிலிருந்தே கணக்கிட வேண்டும். முன்னாள் வீரர் மற்றவரைவிட எளிதாகச் செய்யக்கூடிய வேலை இது. கனடிய விதியில், பந்து நகரும் முன்பே ரிசீவர்கள் ஓடத் தொடங்கலாம். ஆகவே அவர்களுக்கு நின்ற இடத்திலிருந்து பாய்வதைவிட, ஓடிவரும் வேகத்தை உச்சத்துக்குக் கொண்டுபோவதே முக்கியம். 15 மீட்டர் படிப்படியாக வேகமெடுத்து, அடுத்த 20 மீட்டரை முழு வேகத்தில் ஓடி, மூன்று நான்கு நிமிடம் முழுமையாக இளைப்பாறும் ஓட்டத்தை நான்கு முதல் ஆறு முறை கொடுக்கலாம். எதிரணியின் தற்காப்பு வரிசை பந்திலிருந்து ஒரு யார்டு தள்ளி நிற்பதால், அதை எதிர்கொள்ளும் தடுப்பாளர், ஏற்கெனவே உந்துவிசை பெற்றுவிட்ட எதிராளியைத் தாங்குகிறார். அவருக்கு எடை ஏற்றிய சறுக்குப் பலகையைத் தரையில் ஐந்து வினாடி தள்ளி, அரை நிமிடம் நின்று, மீண்டும் தள்ளும் பயிற்சி ஏற்றது.

விதிகள் மாறும்போது இந்தக் கணக்கையும் மாற்ற வேண்டும். 2025 செப்டம்பரில் லீக் அறிவித்தபடி, அடுத்த ஆட்டத்தைத் தொடங்கியாக வேண்டிய நேரத்தைக் காட்ட, நடுவர் சைகைக்குப் பின் ஓடிய 20 வினாடிக் கடிகாரத்துக்குப் பதிலாக, 2026 முதல் முந்தைய ஆட்டம் முடிந்தவுடன் தொடங்கும் 35 வினாடிக் கடிகாரம் வருகிறது. 110 யார்டு மைதானம் 2027இல் 100 யார்டாகிறது. தாம் ஆடிய காலத்து இளைப்பாறும் இடைவெளியை நினைவிலிருந்து எடுத்து எழுதுகிற பயிற்சியாளர் இங்கேதான் தவறுவார்.

ஆண்டுத் திட்டத்தைப் பின்னோக்கி எழுதுவது சுலபம். பயிற்சி முகாம் மே மாதத்தில். 18 ஆட்டங்கள் ஜூன் முதல் அக்டோபர் வரை. இறுதிப் போட்டியான கிரே கோப்பை நவம்பரில். ஆகவே டிசம்பரில் மூன்று நான்கு வாரங்கள் கனத்த எடையே வேண்டாம். ஜனவரி, பிப்ரவரியில் வாரம் நான்கு நாள், ஒவ்வொரு செட்டிலும் (இடைவிடாமல் தூக்கும் ஒரு சுற்றில்) ஆறு முதல் எட்டு முறை. மார்ச், ஏப்ரலில் எடையைக் கூட்டி மூன்று முதல் ஐந்து முறையாகக் குறைத்து, அதனுடன் தாவல்களையும் ஓட்டங்களையும் சேர்க்க வேண்டும். முகாமுக்கு முந்தைய வாரத்தில் செட்களைப் பாதியாக்கலாம். ரெஜைனா, வினிபெக் போன்ற கனடிய நகரங்களில் ஜனவரிக் குளிரில் வெளியே முழு வேகத்தில் ஓட முடியாது என்பதால், உள்ளரங்க ஓடுபாதையை முன்கூட்டியே ஏற்பாடு செய்துகொள்ள வேண்டும். சம்பளம் அமெரிக்கத் தொழில்முறை லீகான என்எஃப்எல் அளவுக்கு இல்லாத இந்த லீகில் பலர் குளிர்காலத்தில் வேறு வேலைக்கும் போகிறார்கள். இரண்டு மணி நேரப் பயிற்சியைவிட, அவர்கள் தவறாமல் வரக்கூடிய ஒரு மணி நேரப் பயிற்சியே மேல்.

பின்தொடைத் தசைக்காயம் வேக வீரர்களை வாரக்கணக்கில் உட்காரவைத்துவிடும். முழந்தாளிட்டு, கணுக்கால்களை ஒருவர் பிடித்துக்கொள்ள, உடலை மெல்ல முன்னே சாய்த்து இறக்கும் பயிற்சி நல்ல காப்பு. தொடக்கத்தில் வலி அதிகமாக இருக்கும் என்பதால், வாரம் ஒரு நாள், ஐந்து முறை வீதம் இரண்டு செட்டில் தொடங்க வேண்டும். போட்டிக் காலத்தில் வாரம் இரண்டு பயிற்சிகள் போதும். ஒவ்வொரு செட்டிலும் இன்னும் இரண்டு முறை தூக்கும் தெம்பு மிஞ்சியிருக்கும்போதே நிறுத்திவிட வேண்டும்.

இளம் வீரர்கள் தேர்வு முகாமில் 225 பவுண்டு, அதாவது சுமார் 102 கிலோ, பெஞ்ச் பிரஸ்ஸை (மல்லாந்து படுத்து, மார்பிலிருந்து எடையை மேலே தள்ளுவதை) எத்தனை முறை தூக்குவது என்பதிலேயே குறியாக இருப்பார்கள். அந்தச் சோதனைக்குத் தயார்செய்துதான் ஆக வேண்டும். ஆனால் அது தாங்குதிறனை அளப்பது, மைதானத்தில் மோதும் திறனை அளப்பது அல்ல என்பது என் கருத்து.

தலையில் அடிபட்டவர் மீண்டும் ஆடலாமா என்பதை மருத்துவரே முடிவுசெய்ய வேண்டும். தாம் அடிபட்டும் ஆடியதைப் பயிற்சியாளர் பெருமையாகச் சொல்லிக்காட்டவே கூடாது. கேட்பவர் தம் தலைச்சுற்றலை மறைக்கத் தொடங்கிவிடுவார். பயிற்சியைச் செய்துகாட்டும்போதும் 20 கிலோ வெறும் கம்பியே போதுமானது. ஓய்வுபெற்றவரின் முழங்கால், இளைஞர் முன்னால் எடை ஏற்றிக்காட்டுவதற்கானது அல்ல.