உறுதி பார்க்க ஊருக்குப் போகிறவர்களுக்கு

வெளிநாட்டிலிருந்து வந்து யாழ்ப்பாணத்தில் பூட்டன், ஓட்டன் என்று முன்னோர் பெயர் தேடுகிறவர்கள் பிறப்பு, திருமணப் பதிவுகளையும் கோயில் ஐயரையும் நம்பிப் போவார்கள். என்னைக் கேட்டால் காணி உறுதியை, அதாவது நிலப் பத்திரத்தை, பிடியுங்கள். பிறப்பு ஒருதரம்தான் பதிவாகும். காணியோ கைமாறும் ஒவ்வொரு முறையும் இன்னார் மகன் இன்னார், இன்னார் பெண்சாதி இன்னார் என்று எழுதவைக்கும். பெண்வழி தேடுகிறவர்களுக்குச் சீதன உறுதியை விட்டால் வேறு கதியில்லை.

போர் இடம்பெயர்வில் எல்லாம் போச்சு என்று கைவிடவேண்டாம். நொத்தாரிசு (பத்திரம் எழுதும் சட்ட அலுவலர்) எழுதிய உறுதிக்கு மூன்று படி உண்டு. ஒன்று உரியவரிடம், ஒன்று நொத்தாரிசிடம், மற்றது காணிப் பதிவகத்துக்குப் போகும். 1995இல் கைதடிப் பக்கம் நடந்தபோது விட்டுவந்த தகரப்பெட்டி திரும்பாது. பதிவகத்துப் படி இருக்கலாம்.

அங்கே ஆளின் பெயரைச் சொல்லித் தேடுவது வீண்வேலை. புத்தகம் காணியை வைத்துத்தான். காணியின் பெயர், குறிச்சி (ஊரின் உட்பிரிவு), எத்தனை பரப்பு (யாழ்ப்பாணத்து நில அளவு), நாலு எல்லை, இவ்வளவும் தெரியவேணும். பழைய உறுதி ஒன்றில் பதிவுத் தொகுதியும் பக்கமும் கிடைத்தால் பாதி வேலை முடிந்தது. ஒரு பக்கம் எந்தப் பக்கத்திலிருந்து வந்தது என்று அதிலேயே குறித்திருப்பார்கள், அப்படியே பின்னுக்குப் போகலாம். எல்லைகளையும் வாசியுங்கள்: வடக்கு எல்லைக்காரர் பலசமயம் சொந்தத் தம்பியாய் இருப்பார். ௵ (வருடம்), ௴ (மாதம்), ௳ (நாள்) குறிகளையும் தமிழ் எண்களையும் வீட்டிலேயே பழகிக்கொண்டு போங்கள். ஒல்லாந்தர் காலத் தோம்பு (காணிப் பதிவேடு) தேடுவதென்றால் கொழும்பில் தேசிய சுவடிகள் திணைக்களம். எழுத்தும் ஒல்லாந்தம், லீவுக்குள் அடங்காது.

இதெல்லாம் சுகமான பகுதி. உறுதி வைத்திருக்கிற சொந்தக்காரர்தான் கஷ்டம்.

எங்கள் உறுதிகள் மாமாவிடம், அம்மாவின் சித்தப்பா மகன். பிஸ்கட் தகரத்துக்குள் இருந்தன. நான் வம்சாவளி எழுதுவதாகச் சொன்னேன். தேத்தண்ணி வந்தது, பனங்காய்ப் பணியாரம் வந்தது, தகரம் வரவில்லை. "அங்க உனக்கென்ன குறை தம்பி? இதை ஏன் கிண்டுறாய்?" பிறகு ஒரு தாளை நீட்டினார். அற்றோணித் தத்துவம், என் சார்பில் அவர் கையெழுத்திட அதிகாரம் கொடுக்கும் பத்திரம், தட்டச்சடித்துத் தயார். என் கடவுச்சீட்டு இலக்கம்கூடப் பிழையில்லை. எயார்போட்டுக்கு வாகனம் அனுப்ப என்று சொல்லி முன்பே வாங்கியிருந்தார். "இதில ஒரு கையெழுத்து வை, பிறகு ஆறுதலா உறுதியைப் பார்."

மறுத்தேன். குரல் ஏறியது. பத்து வருசம் ஆண்ட காணிக்கு உரித்துக் கேட்கலாம் என்று அவருக்கு யாரோ சொல்லியிருக்கிறார்கள், அப்படியிருந்தும் பயம். "செல்லடிக்க இஞ்ச கிடந்தது நான். வேலி அடைச்சது நான். நீங்கள் எங்க இருந்தனீங்கள்?" இதற்கு வம்சாவளியில் பதில் இல்லை.

அடுத்தநாள் மாமி சொல்லித்தான் ஒரேயொரு உறுதி வெளியே வந்தது. மாமாவின் கையைவிட்டு அது வரவில்லை. பெருவிரல் ஒரு வரிக்கு மேல் இருந்தது. விரல் நகர்ந்தபோது வாசித்தேன்: பிரிபடாத ஆறில் ஒரு பங்கு.

அம்மப்பாவோடு கூடப்பிறந்த ஆண்கள் மூன்று பேர் என்றுதான் வளர்ந்தோம். அப்படியென்றால் நாலில் ஒன்று வரவேணும். சகோதரிகளைக் கூட்டினாலும் சரிவராது. சீதனம் வாங்கிப் போன பெண்ணுக்கு முதுசத்தில் (பரம்பரைச் சொத்தில்) பங்கில்லை, 1707இல் ஒல்லாந்தர் தொகுத்த யாழ்ப்பாண வழக்காற்றுச் சட்டமான தேசவழமையிலேயே அது இருக்கிறது. உறுதியில் பின்னம் கண்டால் பிள்ளைகளை இப்படித்தான் எண்ணவேணும், சீதனக்காரிகளை வேறாகத் தேடவேணும். பதிவகத்துப் படியில் மிச்ச இருவரும் கிடைத்தார்கள்: இரண்டு ஆண்கள், தற்சமயம் மலாயாவில் வசிப்பவர்கள்.

மாமாவிடம் கேட்டேன். "அவை அந்தக் காலத்திலேயே போட்டினம். போனவைக்கு என்ன பங்கு?" என்றார், என் முகத்தைப் பார்த்துக்கொண்டே.

ஆகவே பதிவகத்துக்கு முதலில் போங்கள், சொந்தக்காரர் வீட்டுக்குப் பிறகு. போகும்போது உறுதி என்ற சொல்லை எடுக்காமல் பழைய கதை கேளுங்கள். அற்றோணி கொடுக்கத்தான் வேணுமென்றால் நீங்கள் பிடித்த நொத்தாரிசைக்கொண்டு, ஒரு காணிக்கு, ஒரு அலுவலுக்கு மட்டும் எழுதுங்கள். விற்கும் அதிகாரம் அதில் இருக்கிறதா என்று கையெழுத்துக்கு முதல் வரிவரியாக வாசியுங்கள், பணியாரம் ஆறினாலும் பரவாயில்லை.