இருவராக நடந்து பார்க்கும் யாழ்ப்பாணம்: நல்லூர் முதல் கோட்டை வரை ஒரு நாள்

புலம்பெயர் நாடுகளிலிருந்து தாயகம் செல்லும் கணவன் மனைவியரில் பெரும்பாலும் ஒருவர் யாழ்ப்பாணத்தை அறிந்தவராகவும் மற்றவர் அதைக் கேள்விப்பட்டவராகவும் இருப்பார். ஒருவர் கொக்குவிலிலோ குருநகரிலோ பத்து வயது வரை வளர்ந்து புறப்பட்டவர். மற்றவர் கனடாவிலோ ஜேர்மனியிலோ பிறந்தவர், அல்லது தமிழே பேசாத வேற்றினத்தவர். இப்படியான இருவர் தாமாகவே நகரைச் சுற்றப் புறப்பட்டால், அறிந்தவர் வாத்தியாராகவும் அறியாதவர் மாணவராகவும் மாறிவிடுவார்கள். எங்கள் முதற் பயணத்தில் கோட்டை வாசலில் நின்றபடி, இது ஒல்லாந்தர் கட்டிய கோட்டை என்று என் மனைவிக்கு மிகுந்த உறுதியோடு விளக்கினேன். அவர் மறுமொழி சொல்லாமல், போர்த்துக்கேயரே முதலில் கட்டினார்கள் என்று அறிவிப்புப் பலகையில் எழுதியிருந்ததை வாசித்துக் காட்டினார். பத்து வயதில் ஊரை விட்டவனுக்கு ஊரின் வாசனை தெரியுமே தவிர வரலாறு தெரியாது என்பது அன்றுதான் எனக்குப் புரிந்தது. அடுத்த பயணத்தில் ஒரு வழிகாட்டியை அமர்த்திக்கொண்டோம். இருவருமே கேட்பவர்களாக நடந்தோம்.

வழிகாட்டியைத் தெரிவு செய்யும்போது, இலங்கைச் சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபையின் உரிமம் பெற்றவரா என்று கேட்பதில் தவறில்லை. உரிமம் பெற்றவர்கள் அடையாள அட்டை வைத்திருப்பார்கள். அதைவிட முக்கியம், அவரால் எந்த மொழியில் சரளமாகப் பேச முடியும் என்பது. உங்கள் துணைக்குத் தமிழ் விளங்காது எனில், நீங்கள் இடையிடையே மொழிபெயர்க்கத் தொடங்கினால் மறுபடியும் வாத்தியார் வேலைதான். இருவருக்கும் பொதுவான மொழியில் பேசக்கூடியவரையே தேடுங்கள். எத்தனை மணி நேரம், எந்தெந்த இடங்கள், ஓட்டோச் செலவும் நுழைவுச்சீட்டும் யார் பொறுப்பு என்பவற்றை முதல் நாளே பேசி, தொகையையும் ரூபாயில் முடிவு செய்துகொள்ளுங்கள். இலங்கையின் தொல்லியல் இடங்களில் உள்ளூரவருக்கும் வெளிநாட்டவருக்கும் வெவ்வேறு கட்டணம் அறவிடுவது வழமை. உங்களில் ஒருவருக்கு இலங்கை அடையாள அட்டை இருந்து மற்றவரிடம் வெளிநாட்டுக் கடவுச்சீட்டு மட்டும் இருந்தால், சாளரத்தில் நின்று வாதாடாமல் வித்தியாசத்தைக் கொடுத்துவிட்டுப் போவதே நல்லது.

பெரும்பாலான சுற்றுலாக்கள் கோட்டையில் தொடங்கி நல்லூரில் முடிகின்றன. அதைத் தலைகீழாக மாற்றும்படி வழிகாட்டியிடம் கேளுங்கள் என்பதே என் ஆலோசனை. யாழ்ப்பாண அரசின் தலைநகராக இருந்தது நல்லூர். 1619 இல் போர்த்துக்கேயத் தளபதி பிலிப் தே ஒலிவேராவின் படை அந்த அரசை வீழ்த்திய பின்னரே அதிகாரம் கடலோரத்துக் கோட்டைக்கு இடம்பெயர்ந்தது. காலையில் நல்லூரையும் மாலையில் கோட்டையையும் பார்ப்பவர்களுக்கு அந்த இடப்பெயர்ச்சி கால்களின் வழியாகவே விளங்கிவிடும். வெயிலுக்கும் இந்த ஒழுங்கே பொருந்தும். காலை ஆறரைக்குப் புறப்பட்டு பத்து மணிக்கு முன் முதற் பகுதியை முடித்துவிட்டு, மீதியை நான்கு மணிக்குப் பின் தொடங்கலாம். சித்திரை, வைகாசி மாதங்களில் இடைப்பட்ட நேரத்தில் நடப்பதற்கு முயலவே வேண்டாம். ஐப்பசி முதல் மார்கழி வரை மழைக்காலம் என்பதால் ஆளுக்கொரு குடை தேவை. அந்தக் குடை மற்ற மாதங்களில் வெயிலுக்கும் உதவும்.

நல்லூர்க் கந்தசுவாமி கோயிலில் ஆண்கள் மேற்சட்டையைக் கழற்றிவிட்டே உள்ளே செல்ல வேண்டும். வெளிநாட்டில் வளர்ந்த ஆண்களுக்கு இது சற்றுக் கூச்சமாக இருக்கும் என்பதால் முன்கூட்டியே சொல்லிவையுங்கள். வேட்டி கட்டிச் சென்றால் நன்று. பெண்கள் சேலையோ கணுக்கால் வரை நீண்ட உடையோ அணியலாம். உள்ளே படம் எடுக்கக் கூடாது. பூசைகள் குறித்த நேரத்தில் தொடங்குவதற்குப் பெயர் பெற்ற கோயில் இது. ஐந்து நிமிடம் பிந்தினால் ஐந்து நிமிடத்துப் பூசையைத் தவறவிட்டதாகவே பொருள். இன்றைய கோயில் 1734 அளவில் குருக்கள் வளவு என்ற இடத்தில் எழுந்தது. போர்த்துக்கேயர் 1621 இல் இடித்த பழைய கோயில் இருந்த இடம் இதுவன்று. பருத்தித்துறை வீதியில் முத்திரைச் சந்திப் பக்கம் இன்று அங்கிலிக்கன் தேவாலயம் நிற்கும் இடமே அது என்று கருதப்படுகிறது. ஆகவே கோயிலிலிருந்து அந்தத் தேவாலயம் வரை நடப்பதைத் தவிர்க்காதீர்கள்.

அங்கிருந்து சங்கிலியன் சிலை, சங்கிலியன் தோப்பு வாயில், மந்திரி மனை, யமுனா ஏரி ஆகியவை நடை தூரத்திலேயே உள்ளன. இந்தப் பகுதியில்தான் நல்ல வழிகாட்டியும் சாதாரண வழிகாட்டியும் வேறுபடுவார்கள். சங்கிலியன் தோப்பு வாயிலும் மந்திரி மனையும் அரசர் காலத்தவை என்று மக்கள் வழக்கில் சொல்லப்படுகின்றன. ஆனால் இன்று நிற்கும் கட்டுமானத்தில் ஐரோப்பியர் காலச் சாயல் தெளிவாகத் தெரிகிறது. நிலம் அரசர்களுடையது, கட்டடம் பிற்காலத்தது என்று பிரித்துச் சொல்பவரே உங்களுக்கு வேண்டியவர். யாழ்ப்பாண அரசின் கடைசி மன்னன் சங்கிலி குமாரன் கோவாவுக்குக் கொண்டுசெல்லப்பட்டு அங்கே கொல்லப்பட்டான். அவன் பெயர் இந்தத் தோப்பில் ஒட்டிக்கொண்டிருப்பதே ஒரு வரலாறுதான். மந்திரி மனை மிகவும் சிதைந்திருப்பதால், படத்துக்காக உள்ளே நுழைவதோ சுவர்களில் சாய்வதோ கூடாது. யமுனா ஏரி என்பது ஏரியன்று, ‘ப’ வடிவில் கற்படிகளோடு அமைந்த கேணி. யமுனை நதியின் நீரைக் கொணர்ந்து இதில் கலந்தார்கள் என்பது மரபுக் கதை. வீடுகளுக்கு இடையே ஒதுங்கிக் கிடக்கும் இந்தக் கேணிக்கு வெளியூரார் அதிகம் வருவதில்லை; அதன் படியில் பத்து நிமிடம் உட்கார்ந்திருப்பதற்கு நேரம் ஒதுக்குங்கள்.

காலைப் பகுதியைக் கோயிலடியில் ஒரு ஐஸ்கிறீமோடு முடிப்பது யாழ்ப்பாண வழக்கம். அதற்கு மேல் நகருக்குள் நடந்து செல்வதில் பயனில்லை, ஓட்டோ பிடித்துவிடுங்கள்.

இருவர் சேர்ந்து நடப்பது பற்றி ஒன்று சொல்ல வேண்டும். யாழ்ப்பாணத்தில் கணவன் மனைவி வீதியில் கைகோத்து நடப்பது குற்றமன்று, ஆனால் பரவலான பழக்கமும் அன்று. கோயில் வீதியில் அதைத் தவிர்ப்பது மரியாதை. வழிகாட்டி பெரும்பாலும் கணவரை “அண்ணை” என்று விளித்து அவரிடமே எல்லாவற்றையும் சொல்லிக்கொண்டு போவார். எங்களுக்கு வாய்த்த இளைஞரும் முதல் அரை மணி நேரம் என் முகத்தைப் பார்த்தே பேசினார். “தம்பி, வரலாறு படிக்கிறது நான்தான், அவரில்லை” என்று என் மனைவி சிரித்துக்கொண்டே சொன்ன பின்னர், “அக்கா, இதிலை ஒருக்கா நில்லுங்கோ” என்று அவரையே முதலில் அழைக்கத் தொடங்கினார். தொடக்கத்திலேயே இதைச் சொல்லிவிட்டால் ஒருவர் பின்தங்கி நடக்க நேராது.

மாலைப் பகுதியை மணிக்கூட்டுக் கோபுரத்தில் தொடங்கலாம். வேல்ஸ் இளவரசர் 1875 இல் இலங்கைக்கு வந்ததன் நினைவாக எழுப்பப்பட்ட அதை ஐந்து நிமிடத்தில் பார்த்து முடிக்கலாம். அதற்கு அருகே, வீரசிங்கம் மண்டபத்தின் முன்புறத்தில், 1974 ஜனவரி 10 அன்று நான்காவது உலகத் தமிழாராய்ச்சி மாநாட்டின் இறுதி நாளில் உயிரிழந்தோரின் நினைவுத் தூண்கள் உள்ளன. வீதியின் இரைச்சலில் இவற்றைக் கவனிக்காமல் கடந்துவிடுவது எளிது.

அடுத்தது பொது நூலகம். இங்கே வாசகர்களுக்கு இடையூறு நேராதபடி பார்வையாளருக்கென நேரம் ஒதுக்கும் வழக்கம் உண்டு. அந்த நேரத்தை வழிகாட்டியிடம் முதல் நாளே கேட்டு மாலை ஒழுங்கை அதற்கேற்ப அமைத்துக்கொள்ளுங்கள். 1933 இல் க. மு. செல்லப்பா என்பவர் தம் வீட்டிலேயே தொடங்கிய சிறு நூலகம்தான் வளர்ந்து, சென்னைக் கட்டடக் கலைஞர் நரசிம்மனின் வரைபடத்தில் வெண்ணிறக் கட்டடமாகி, 1959 ஒக்ரோபரில் திறக்கப்பட்டது. 1981 மே 31 இரவு தொடங்கி ஜூன் 1 வரை எரிந்தபோது ஏறக்குறைய 97,000 நூல்களும் ஓலைச் சுவடிகளும் சாம்பலாயின. எரிந்த கட்டடத்தை அப்படியே நினைவுச் சின்னமாக விட்டுவைக்க வேண்டும் என்றவர்களும் உண்டு. மீளக் கட்டி வாசகர்களுக்குத் திறக்க வேண்டும் என்றவர்களும் உண்டு. கட்டியது சரிதான் என்பது என் எண்ணம். ஆனால் முன்புறத்துச் சரஸ்வதி சிலையின் அருகே நிற்கும்போது, புத்தம் புதிதாகத் தெரியும் அந்த வெண்மை சற்று உறுத்தவே செய்கிறது.

இந்த இடத்தில் வழிகாட்டியிடம் ஒரு வேண்டுகோள் வைக்கலாம். உங்களில் ஒருவருக்கு 1981 நேரடி நினைவாகவோ பெற்றோர் வாய்க் கதையாகவோ இருக்கக்கூடும். அப்படியானால் வழிகாட்டி வாசலில் நின்றுகொள்ளட்டும், நீங்கள் இருவர் மட்டும் உள்ளே போய் வாருங்கள். வாய்க் கதையும் நாட்களும் எண்களும் ஒன்றோடொன்று பொருந்தாமல் போனால், அங்கேயே திருத்த வேண்டிய அவசியமில்லை. ஊர்க்காரர்களிடமும், வழிகாட்டியிடமும் கூட, அவர்கள் போர்க்காலத்தில் எங்கே இருந்தார்கள் என்று முதற் கேள்வியாகக் கேட்காதீர்கள். அவர்களே சொன்னால் கேட்டுக்கொள்ளுங்கள்.

நூலகத்திலிருந்து கோட்டைக்குச் சில நிமிட நடைதான். போர்த்துக்கேயர் 1618 இல் தொடங்கிய கோட்டையை, 1658 இல் கைப்பற்றிய ஒல்லாந்தர் ஐங்கோண வடிவில் பெருப்பித்தனர். வெளி அரண் வேலைகள் 1792 அளவில்தான் முடிந்தன. மூன்று ஆண்டுகளில், 1795 இல், அது சண்டையின்றி ஆங்கிலேயர் கைக்குப் போனது. இவ்வளவு காலம் கட்டியதை ஒல்லாந்தர் ஒரு நாளும் பயன்படுத்தவில்லை என்று எங்கள் வழிகாட்டி சொன்னபோது, அவர் முகத்தில் ஓர் அற்ப மகிழ்ச்சி தெரிந்தது. 1706 இல் எழுந்த ஒல்லாந்தர் தேவாலயம் 1990 முற்றுகையின்போது அழிந்தது. இப்போது அங்கே கற்குவியலும் புல்லும்தான். வாயிற் குகையைக் கடந்ததும் மதிலின் கல்லைக் கிட்ட நின்று பாருங்கள், விரலால் தடவியும் பாருங்கள். நெளிநெளியான கோடுகளும் தேன்கூடு போன்ற துளைகளும் தெரியும்; அவை உளியின் வேலையன்று, ஒரு காலத்தில் கடலடியில் உயிரோடிருந்த பவளப் பாறையின் உருவம். என் மனைவி அன்று எடுத்த நூற்றுக்கும் மேற்பட்ட படங்களில் பாதி அந்தக் கற்களே.

மதிலின் மேல் ஏறினால் பண்ணைப் பாலமும் அதற்கப்பால் தீவுகளும் தெரியும். விளிம்பில் பல இடங்களில் தடுப்பு இல்லாததால் படம் எடுப்பவர் பின்னோக்கி நடக்கக் கூடாது. படையினரின் முகாம்கள் பக்கம் கைத்தொலைபேசியைத் திருப்பாதீர்கள். அனுமதி இல்லாமல் ட்ரோன் பறக்கவிடுவதும் சட்டவிரோதம். மாலையில் உள்ளூர் இளஞ்சோடிகள் மதிலின் மீது எட்ட எட்ட அமர்ந்திருப்பார்கள். உங்கள் படத்தில் அவர்கள் முகம் விழாமல் பார்த்துக்கொள்வது அவர்களுக்குச் செய்யும் பேருதவி.

கோட்டை மூடும் நேரத்தை நுழையும்போதே கேட்டுக்கொண்டு, அதற்கு அரை மணி நேரம் முன்பே வழிகாட்டிக்குரிய பணத்தைக் கொடுத்து அவரை அனுப்பிவிடுங்கள். திரும்பும் வழி உங்களுக்குத் தெரிந்ததுதான். மேற்கு மதிலில் காற்றுக்கு முகம் கொடுத்து உட்கார இடமிருக்கும். அந்த நேரத்தில் விளக்கம் சொல்ல யாரும் தேவையில்லை.