சிங்கப்பூரின் மூன்று பேட்டைகளை ஒரே நாளில், தனி வழிகாட்டியுடன் சுற்றிப் பார்ப்பது எப்படி?

முதல்முறை சிங்கப்பூர் போனபோது சைனாடவுனைக் குழுச் சுற்றுலாவில்தான் பார்த்தேன். நாற்பது பேர், ஒரு பஸ், முன்னால் ஒரு கொடி. மாரியம்மன் கோயில் வாசலில் பத்து நிமிடம் விட்டார்கள். நினைவுப்பொருள் கடையில் முக்கால் மணி நேரம். கோயிலை ஒட்டிய தெருவுக்கு ஏன் பகோடா ஸ்திரீட் என்று பெயர் எனக் கேட்டேன். பதில் வருவதற்குள் பஸ் கிளம்பிவிட்டது.

அடுத்த முறை அம்மாவையும் அழைத்துப் போனேன். இந்தத் தடவை தனி வழிகாட்டி ஒருவரை ஒரு நாளுக்கு அமர்த்திக்கொண்டோம். சிங்கப்பூரிலேயே பிறந்து வளர்ந்த தமிழ் அக்கா அவர். அதே தெருமுனையில் நிறுத்தி, "பகோடா என்று வெள்ளைக்காரர்கள் சொன்னது நம் கோபுரத்தைத்தான், தம்பி" என்றார். சீனர் பேட்டையின் நடுவே ஒரு தெரு அம்மன் கோயில் கோபுரத்தின் பெயரைத் தாங்கி நிற்கிறது. அடுத்த தெரு மாஸ்க் ஸ்திரீட். சோழமண்டலக் கரையிலிருந்து வந்த சூலியா முஸ்லிம்களின் ஜாமியா பள்ளிவாசல்தான் அந்தப் பெயருக்குக் காரணம்.

வழியைக் கைப்பேசியே காட்டிவிடும். ஒரு பேட்டைக்குள் இன்னொரு பேட்டை எங்கே கலந்து கிடக்கிறது என்று காட்டத்தான் ஆள் வேண்டும். சைனாடவுன், லிட்டில் இந்தியா, மலாய் முஸ்லிம்களின் கம்போங் கிளாம் என்ற மூன்று பேட்டைகளுக்கும் அந்த ஆளை எப்படிப் பிடிப்பது, என்ன கேட்பது, நாளை எப்படிப் பிரித்துக்கொள்வது என்று முதல்முறை போகிறவர்களுக்காக எழுதுகிறேன்.

முதல் படி: கிழமையைப் பாருங்கள்

வெள்ளிக்கிழமை வேண்டாம். கம்போங் கிளாமில் உள்ள சுல்தான் பள்ளிவாசல் அன்று தொழுகையாளர்களுக்கு மட்டுமே. பார்வையாளர்களை உள்ளே விடுவதில்லை. திங்கட்கிழமையும் வேண்டாம். லிட்டில் இந்தியாவின் இந்திய மரபுடைமை நிலையத்துக்கு அன்று விடுமுறை. செவ்வாய், புதன், வியாழன் மூன்றும் நல்ல நாட்கள்.

ஞாயிறு மாலை லிட்டில் இந்தியாவின் தேக்காப் பக்கம் கூட்டம் அலைமோதும். வாரம் முழுவதும் கட்டடத்திலும் கப்பல் பட்டறையிலும் உழைத்தவர்கள் ஊர்க்காரர்களைச் சந்திக்கவும், வீட்டுக்குப் பணம் அனுப்பவும், வயிறார நம் ஊர்ச் சாப்பாடு சாப்பிடவும் கூடும் நேரம் அது. போவதாக இருந்தால் அந்தப் பொழுது அவர்களுடையது என்ற நினைப்போடு போங்கள். அவர்கள் முகத்துக்கு நேரே கேமராவை நீட்டாதீர்கள்.

இரண்டாம் படி: உரிமம் உள்ள வழிகாட்டியைத் தேடுங்கள்

சிங்கப்பூரில் கூலி வாங்கிக்கொண்டு சுற்றுலா வழிகாட்ட, சிங்கப்பூர் சுற்றுலாக் கழகத்தின் உரிமம் வேண்டும். பயிற்சி முடித்து, தேர்வில் தேறினால்தான் அது கிடைக்கும். பணியில் இருக்கும்போது அடையாள அட்டையை அணிந்திருக்க வேண்டும். கழகத்தின் இணையதளத்திலேயே உரிமம் பெற்றவர்களைத் தேடிப் பார்க்கலாம். யாரோ சொன்னார்கள் என்று ஒருவரைப் பிடித்தாலும், அங்கே அவர் பெயர் இருக்கிறதா என்று ஒரு முறை சரிபார்த்துவிடுங்கள்.

எந்த மொழியில் விளக்குவார் என்பதை முதல் கடிதத்திலேயே கேளுங்கள். என் அம்மாவுக்கு ஆங்கிலம் அவ்வளவாக வராது. தமிழில் பேசும் ஒருவர் கிடைக்கும்வரை நான் இரண்டு வாரம் தேடினேன். அதற்காகத் துளியும் வருந்தவில்லை. நாள் முழுக்க அம்மாதான் அதிகம் கேள்வி கேட்டார்.

கட்டணம் பெரும்பாலும் மணிக்கணக்குத்தான், தலைக்கணக்கு அல்ல. ஆகவே இருவர் போனாலும் ஐவர் போனாலும் செலவு ஏறக்குறைய ஒன்றே. குடும்பமாகப் போகிறவர்களுக்கு இது லாபம். நுழைவுச்சீட்டு, ரயில் கட்டணம், சாப்பாடு இவையெல்லாம் அந்தத் தொகைக்குள் அடங்குமா, மழை பெய்தால் என்ன ஏற்பாடு, ரத்து செய்தால் முன்பணம் திரும்புமா என்ற மூன்றையும் எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். வண்டி வேண்டுமா என்று கேட்பார்கள். முதியவர்களுக்கு முழங்கால் வலி இருந்தால் ஒழிய, வேண்டாம் என்பேன். இந்த மூன்று பேட்டைகளும் காலால் பார்க்க வேண்டியவை.

மூன்றாம் படி: என்ன வேண்டும் என்று தெளிவாக எழுதுங்கள்

எல்லோரும் கோட்டைவிடும் இடம் இதுதான். 'நல்ல இடங்களைக் காட்டுங்கள்' என்று எழுதினால் எல்லோருக்கும் காட்டுவதையே உங்களுக்கும் காட்டுவார்கள். நான் அனுப்பியது ஏறக்குறைய இப்படி இருந்தது:

"நாங்கள் இருவர். அம்மாவுக்கு வயது 64. மெதுவாக நடப்போம், மணிக்கு ஒரு முறை உட்கார வேண்டும். அம்மா சைவம். கடைகளுக்கு அழைத்துப் போக வேண்டாம். சீனர் பகுதியில் தமிழர் தடயம், தமிழர் பகுதியில் சீனர் தடயம் என்று கலந்து கிடப்பவற்றைக் காட்டுங்கள். இடங்கள் குறைந்தாலும் பரவாயில்லை."

கடை வேண்டாம் என்ற வரியை மறக்காமல் சேருங்கள்.

நான்காம் படி: உடுப்பும் பையும்

தோளும் முழங்காலும் மூடும் பருத்தி உடை, எளிதில் கழற்றி மாட்டும் செருப்பு, குடை, தண்ணீர். நாள் முழுக்கக் கோயிலும் பள்ளிவாசலும் என்பதால் நாடாக் கட்டும் ஷூ பெரும் தொல்லை. குடை வெயிலுக்கும் மழைக்குமாக எந்த மாதமும் உதவும்.

ஐந்தாம் படி: காலை 9 மணி, தெலுக் ஆயர்

சைனாடவுன் ரயில் நிலையத்தில் சந்திக்கலாம் என்று வழிகாட்டி சொன்னால், தெலுக் ஆயர் நிலையத்தில் தொடங்கலாமா என்று கேளுங்கள். கதை அங்கிருந்துதான் தொடங்குகிறது.

தெலுக் ஆயர் என்றால் மலாயில் நீர் விரிகுடா. 1880களில் கடலைத் தூர்ப்பதற்கு முன் இந்தத் தெருதான் கடற்கரை. இப்போது சுற்றிலும் கண்ணாடிக் கோபுரங்கள் நிற்பதால் நம்பவே முடியாது. எங்கள் அக்கா நடைபாதை ஓரத்தில் அம்மாவை நிறுத்தி, "அம்மா, இப்போது உங்கள் காலில் அலை அடிக்கிறது என்று நினைத்துக்கொள்ளுங்கள்" என்றார். அம்மா நிஜமாகவே கீழே குனிந்து பார்த்தார்.

அந்த அலையை மனத்தில் வைத்துக்கொண்டால் தெருவில் இருப்பதெல்லாம் தானாகப் புரியும். உயிரோடு கரை சேர்ந்தவர்கள் முதலில் செய்தது நன்றிக்கடன். ஹொக்கியன் சீனர்கள் கடல் தெய்வம் மாசுவுக்கு தியான் ஹொக் கெங் கோயிலை 1839 முதல் 1842 வரை கட்டினார்கள். ஆணி அடிக்காமல் மரத்தோடு மரம் கோத்து எழுப்பியது அது; உள்ளே நின்று உத்தரங்களை நிமிர்ந்து பாருங்கள். கூப்பிடு தூரத்தில் நாகூர் தர்கா இருக்கிறது. தமிழ்க் கரையிலிருந்து வந்த முஸ்லிம்கள், தங்களைக் கடலில் காத்த நாகூர் ஆண்டவரின் நினைவாக 1828 முதல் 1830 வரை அதைக் கட்டினார்கள். இன்னும் நாலு எட்டு வைத்தால் அல் அப்ரார் பள்ளிவாசல். 1827இல் அது வெறும் குடிசை. அதனால் நம்மவர்கள் அதைக் குச்சுப் பள்ளி என்றே அழைத்தார்கள். குச்சு என்ற சொல்லைக் கேட்டதும் அம்மாவின் முகம் மலர்ந்துவிட்டது. அவர் பிறந்த ஊரில் குடிசைக்கு இன்றும் அதுதான் பெயர்.

இந்த ஒரு தெருவுக்கு ஒன்றரை மணி நேரம் கொடுங்கள். அவசரப்பட்டால் மூன்று கட்டடங்கள் மட்டுமே மிஞ்சும்.

ஆறாம் படி: நடை சாத்துவதற்குள் சவுத் பிரிட்ஜ் சாலை

கோயில்கள் நண்பகலில் நடை சாத்திவிடும். அதனால் பத்தரைக்கெல்லாம் மாரியம்மன் கோயிலுக்கு வந்துவிடுங்கள். சிங்கப்பூரில் ஆங்கிலேயர் குடியேற்றத்தை நிறுவிய ராஃபிள்ஸுடன் 1819இல் பினாங்கிலிருந்து வந்த நாராயண பிள்ளை 1827இல் தொடங்கிய கோயில் இது. அன்று மரமும் கீற்றும்தான். அதே பிள்ளைதான் இங்கே செங்கல் சூளை வைத்து, கட்டடக் குத்தகைத் தொழிலையும் தொடங்கியவர். ஐப்பசியில் தீபாவளியையொட்டி இங்கே தீமிதி நடக்கும்.

ஜாமியா பள்ளிவாசலின் வாசலில் ஒரு நிமிடம் நின்று கவனியுங்கள். எண்கோண வடிவில் இரண்டு ஸ்தூபிகள் நிற்கும் நுழைவாயில் சாலைக்கு நேராக இருக்கும்; உள்ளே தொழுகைக் கூடம் மட்டும் ஒருக்களித்து நிற்கும், மக்காவை நோக்கி. வழிகாட்டி சொல்லாவிட்டால் கட்டடம் கோணலாக இருப்பதுகூடக் கண்ணில் படாது.

நடந்துகொண்டே ஐந்தடியைப் பற்றியும் கேளுங்கள். பழைய கடைவீடுகளின் முன்னால் கூரை போட்ட நடைபாதை தொடர்ந்து ஓடுமே, அதற்கு இங்குள்ள தமிழர்கள் வைத்த பெயர் அது. 1822இல் ராஃபிள்ஸ் நகரத்தைச் சீனர், சூலியா, அரபு, பூகிஸ் என்று கம்போங் கம்போங்காக, அதாவது தனித்தனிக் குடியிருப்புகளாக, பிரிக்கச் சொன்னார். ஒவ்வொரு வீட்டு முகப்பிலும் இப்படிப் பொதுநடை விடவேண்டும் என்று உத்தரவிட்டதும் அவர்தான். வரைபடத்தில் பிரித்தார்கள், ஐந்தடியில் எல்லோரும் ஒன்றாக நடந்தார்கள்.

ஏழாம் படி: தேக்காவில் மதியம்

சைனாடவுனில் வடகிழக்குத் தடத்தில் ஏறினால் மூன்றாவது நிலையம் லிட்டில் இந்தியா. டிக்கெட் வாங்க வரிசையில் நிற்க வேண்டாம். வங்கி அட்டையை வாயிலில் தட்டினால் போதும்.

லிட்டில் இந்தியா என்பது சுற்றுலாவுக்காக வந்த பெயர். நம்மவர் வாயில் இது தேக்காதான். அந்தச் சொல்லும் ஹொக்கியன் சீனர்களின் மொழியில் மூங்கில் அடி என்ற பொருளில் வந்தது. தேக்கா நிலையத்தின் கீழ்த்தள உணவங்காடியில் சாப்பிடுங்கள். இருக்கை கிடைக்க ஒருவர் உட்கார, மற்றவர் வரிசையில் நிற்பது நல்லது. சாப்பிட்டதும் தட்டை எடுத்துப் போய் அதற்கான இடத்தில் வைக்க வேண்டும். விட்டுவிட்டுப் போனால் அபராதம் உண்டு. சைவத்துக்குச் சிராங்கூன் சாலையில் 1947 முதல் இருக்கும் கோமள விலாஸ் இருக்கிறது.

சாப்பாட்டுக்குப் பின் கெர்பாவ் சாலைக்கு வாருங்கள். கெர்பாவ் என்றால் மலாயில் எருமை. பக்கத்திலேயே ஆங்கிலத்தில் பஃபலோ சாலையும் உண்டு. ஒரு காலத்தில் இந்த வட்டாரம் முழுக்க மாட்டுக் கொட்டகைகள். அந்தச் சாலையில் வானவில்லைக் கொட்டியதுபோல ஒரு வீடு நிற்கிறது. 1900இல் கட்டிய டான் தெங் நியா வீடு அது; மிட்டாய் ஆலைகள் வைத்திருந்த சீனருடையது. எல்லோரும் அந்த வண்ணத்தின் முன்னால் படம் எடுத்துக்கொண்டு போய்விடுகிறார்கள். தமிழர் பேட்டையில் சீனர் வீட்டுக்கு என்ன வேலை என்று வழிகாட்டியிடம் கேளுங்கள். கரும்பு, மாடு, எண்ணெய் என்று அந்த வட்டாரத் தொழில்களின் கதை முழுதும் வரும்.

எட்டாம் படி: பிற்பகல் கம்போங் கிளாம்

டவுன்டவுன் தடத்தில் இரண்டே நிலையம், பூகிஸில் இறங்குங்கள். சுல்தான் பள்ளிவாசலில் பார்வையாளர் நேரம் பிற்பகல் 2 முதல் 4 வரை என்பது வழக்கம். இரண்டரைக்குள் சேர்ந்துவிடுவது நல்லது. உடை போதவில்லை என்றால் அங்கியை அவர்களே இரவல் தருவார்கள்.

முதல் பள்ளிவாசலை 1824இல் கட்டத் தொடங்கினார்கள். இப்போதுள்ளது 1932இல் முடிந்தது. தங்க நிறக் குவிமாடத்தைப் பார்த்துவிட்டு எல்லோரும் நகர்ந்துவிடுவார்கள். எங்கள் அக்கா விடவில்லை. "குவிமாடத்துக்குக் கீழே பாருங்கள், கறுப்பாக ஒரு பட்டை ஓடுகிறதா?" என்றார். ஏதோ கல் பதித்திருக்கிறார்கள் என்று நினைத்தேன். கைப்பேசிக் கேமராவில் பெரிதாக்கிப் பார்த்தால் வட்டம் வட்டமாக, வரிசை வரிசையாகக் கண்ணாடி. எல்லாம் புட்டிகளின் அடிப்பாகம். பணம் கொடுக்க வசதியில்லாதவர்கள் கொண்டுவந்து கொடுத்த புட்டிகள். செல்வந்தர் பணத்தில் மட்டும் எழுந்தது என்று ஆகிவிடக் கூடாது, ஏழையின் பங்கும் அதில் இருக்க வேண்டும் என்பதற்காகச் செய்தார்களாம். அம்மா என் கைப்பேசியை வாங்கி, விரலால் தள்ளித் தள்ளி வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். அந்தப் பயணத்தில் எனக்குக் கிடைத்ததிலேயே பெரியது அந்தப் பத்து நிமிடம்.

வெளியே வந்ததும் அரபு ஸ்திரீட்டில் துணிக்கடைகள், ஹாஜி லேனில் சுவரோவியங்கள். கால் ஓய்ந்திருந்தால் இவற்றை விட்டுவிடலாம். எதிரில் 1908 முதல் இருக்கும் ஜம்ஜம் உணவகத்தில் முர்தபா போடுவதை வாசலில் நின்றாவது பாருங்கள். மாவை வீசி விரித்து, கறி வைத்து, நான்கு பக்கமும் மடித்துக் கல்லில் போடும் வேகம் நம் ஊர்ப் புரோட்டா மாஸ்டரை நினைவூட்டும்.

கடைசிப் படி: விடைபெறும்போது

பேசிய தொகையைக் கொடுங்கள். டிப்ஸ் கட்டாயம் இல்லை; மனம் நிறைந்தால் கொடுக்கலாம். கிளம்புவதற்கு முன் ஒரே ஒரு கேள்வியை மட்டும் கேளுங்கள்: "உங்களுக்கு விடுமுறை என்றால் மாலையில் எங்கே போவீர்கள்?"

எங்கள் அக்கா யோசிக்கவே இல்லை. "வீரமாகாளியம்மன் கோயில் மாலை நடை திறந்திருக்கும், அம்மாவைக் கூட்டிப் போங்கள்" என்றார். பகலில் சாத்திய கதவைப் பார்த்துவிட்டு வந்திருந்தோம். இரண்டு நிலையம் திரும்பிப் போய், சிராங்கூன் சாலை ஐந்தடியில் பூத்தொடுக்கும் கடையில் அம்மா இரண்டு முழம் மல்லிகை வாங்கினார். ஒரு முழத்தை அம்மனுக்கு வைத்துக்கொண்டு, மற்றதைத் தலையில் சூடிக்கொண்டார்.