பிரசிடென்ட்ஸ் லிஸ்ட்: எந்தப் பிரசிடென்ட், என்ன கணக்கு?

போன ஜனவரியில் எங்கள் குடும்ப வாட்ஸ்அப் குழுவில் அண்ணன் ஒரு படம் போட்டார். மகள் படிக்கும் அமெரிக்கக் கல்லூரியிலிருந்து வந்த கடிதம் அது; செமஸ்டரில் நல்ல மதிப்பெண் வாங்கியவர்களின் 'பிரசிடென்ட்ஸ் லிஸ்ட்'டில் அவள் பெயர் வந்திருக்கிறது என்று. கூடவே, "அமெரிக்க ஜனாதிபதியின் பாராட்டுப் பட்டியலில் நம்ம பாப்பா!" என்று ஒரு வரி. பத்து நிமிடத்தில் கைதட்டல் பொம்மைகள் குவிந்துவிட்டன. வெள்ளை மாளிகைக்கு எப்போ கூப்பிடுவாங்க என்று மதுரைப் பெரியம்மா கேட்டேவிட்டார். பாப்பாவிடமிருந்து எனக்குத் தனியாக ஒரு செய்தி: "சித்தப்பா, ப்ளீஸ், நீங்களாவது சொல்லுங்க."

அண்ணனை முழுக்கக் குறை சொல்லவும் முடியாது. அமெரிக்க ஜனாதிபதியின் பெயரிலேயே ஒரு கல்வி விருது உண்மையில் இருக்கிறது. 1983-இல் தொடங்கியது, சான்றிதழில் ஜனாதிபதியின் கையெழுத்து அச்சாகியிருக்கும். ஆனால் அது பள்ளிப் பிள்ளைகளுக்கு. கல்லூரிகள் வெளியிடும் 'பிரசிடென்ட்ஸ் லிஸ்ட்'டில் வரும் பிரசிடென்ட், அந்தக் கல்லூரியின் தலைவர்; நம் கல்லூரி முதல்வர், துணைவேந்தர் மாதிரி. வுட்ரோ வில்சன் நாட்டுக்கு ஜனாதிபதியாகும் முன் 1902 முதல் 1910 வரை பிரின்ஸ்டனுக்குத் தலைவராக இருந்தார். ஐசனோவர் 1948-இல் கொலம்பியா பல்கலைக்கழகத் தலைவரானார். இரண்டு நாற்காலிக்கும் ஆங்கிலத்தில் ஒரே பெயர் என்பதுதான் குழப்பத்துக்கு வேர்.

பதவிப் பெயர்களை நம் ஊர் அர்த்தத்தில் படிப்பதும் ஒரு தவறு. இங்கே டீன் என்றால் அரசு மருத்துவக் கல்லூரியின் தலைமை. அங்கே பல்கலைக்கழகத்துக்குள் இருக்கும் பொறியியல், கலை, வணிகம் போன்ற ஒவ்வொரு பிரிவுக்கும் ஒரு டீன். வேந்தர் என்றதும் பட்டமளிப்பு மேடையில் ஆளுநரைப் பார்த்தே பழகியவர்கள் நாம். அங்கே சான்சலர் என்பவர் அன்றாடம் நிர்வாகம் பார்ப்பவராகவும் இருப்பார். கலிபோர்னியாவில் இன்னும் வேடிக்கை. 'யூனிவர்சிட்டி ஆஃப் கலிபோர்னியா'வில் மொத்த அமைப்புக்கும் ஒரு பிரசிடென்ட், ஒவ்வொரு வளாகத்துக்கும் ஒரு சான்சலர். பக்கத்திலேயே இருக்கும் 'கலிபோர்னியா ஸ்டேட் யூனிவர்சிட்டி'யில் அப்படியே தலைகீழ். அதனால் சில இடங்களில் சான்சலர்ஸ் லிஸ்ட் என்றும் இருக்கும். பட்டியலின் பெயரை வைத்து எது பெரிது என்று முடிவு கட்டாதீர்கள்.

அடுத்தது, தலைவரே உட்கார்ந்து பெயர்களைத் தேர்ந்தெடுக்கிறார் என்ற நினைப்பு. கல்லூரித் தலைவரை நியமிப்பது அறங்காவலர் குழு. வரவு செலவு, நன்கொடை திரட்டுவது, மூத்த நிர்வாகிகளை அமர்த்துவது, பிரச்சினை வந்தால் வெளியே முகம் காட்டுவது என்று அவருக்குத் தலைக்கு மேல் வேலை. பட்டியலைத் தயாரிப்பது பெரும்பாலும் பதிவாளர் அலுவலகத்துக் கணினி. செமஸ்டர் முடிந்து மதிப்பெண்கள் ஏறியதும், எல்லைக்கு மேலே இருப்பவர்களை அது வடிகட்டிக் கொடுத்துவிடும். தலைவரின் பங்கு பெரும்பாலும் கடிதத்தின் அடியில் உள்ள கையெழுத்துதான்.

இது தெரியாமல் ஒரு நண்பர் தலைவரின் அலுவலகத்துக்கே போன் போட்டார். பையனுக்கு ஜி.பி.ஏ. (கிரேடுகளின் சராசரி, பெரும்பாலும் 4-க்கு) 3.49, பட்டியலுக்கான எல்லை 3.5. "ஒரு பாயின்ட்கூட இல்லை, நூற்றில் ஒரு பங்கு பாயின்ட்தானே" என்று வாதாடும் திட்டம். எதிர்முனையில் மிகவும் மரியாதையாக ஒரே பதில்: உங்கள் மகனைப் பற்றி நாங்கள் உங்களிடம் பேச முடியாது. 1974-ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று, சுருக்கமாக ஃபெர்ப்பா என்பார்கள், அதற்குக் காரணம். கல்லூரியில் சேர்ந்த மாணவரின் பதிவுகள் மேல் உரிமை அந்த மாணவருக்குத்தான், கட்டணம் கட்டும் அப்பாவுக்கு இல்லை. மாணவர் எழுதி ஒப்புதல் தந்தாலோ, அமெரிக்க வருமான வரிக் கணக்கில் பெற்றோரைச் சார்ந்தவராக இருந்தாலோ கல்லூரி சொல்லலாம். இல்லாவிட்டால் வாயைத் திறக்காது. 3.49-ஐ 3.5 ஆக்குவதும் அநேகமாக நடக்காது. மதிப்பெண்ணிலேயே தப்பு என்றால் மாணவர் முதலில் போக வேண்டியது பாடம் நடத்திய பேராசிரியரிடம். மதிப்பெண் திருத்தப்பட்டால், பட்டியலில் சேர்ப்பார்களா என்று பதிவாளர் அலுவலகத்தில் கேட்கலாம்.

சரி, கணக்குக்கு வருவோம். நன்றாகப் படிக்கும் பிள்ளைகளே வழுக்கி விழுவது இங்கேதான். டீன் பெயரில் வரும் இதே மாதிரிப் பட்டியலான டீன்ஸ் லிஸ்ட்டுக்குப் பல கல்லூரிகளில் அந்தச் செமஸ்டரின் ஜி.பி.ஏ. 3.5 இருக்க வேண்டும். பிரசிடென்ட்ஸ் லிஸ்ட் அதற்கும் மேலே, சில இடங்களில் முழு 4.0. எல்லோரும் பார்ப்பது இந்த எண்ணைத்தான். பக்கத்திலேயே சின்னதாக இன்னொரு நிபந்தனை இருக்கும்: கிரேடு வாங்கிய கிரெடிட்கள் (ஒவ்வொரு பாடத்துக்கும் உள்ள எடை) குறைந்தது 12.

ஒரு மாணவி நான்கு பாடம் எடுக்கிறாள். 4 கிரெடிட் பாடத்தில் ஏ, 3 கிரெடிட் பாடம் ஒன்றில் ஏ, இன்னொன்றில் ஏ மைனஸ், மூன்றாவதில் பி பிளஸ். ஏ என்றால் 4, ஏ மைனஸ் 3.7, பி பிளஸ் 3.3 என்று வைத்தால் மொத்தம் 49. அதை 13 கிரெடிட்டால் வகுத்தால் 3.77. டீன்ஸ் லிஸ்ட் நிச்சயம். ஆனால் பி பிளஸ் வரும் என்று முன்பே பயந்து அந்தப் பாடத்தை, கிரேடு இல்லாமல் தேர்ச்சி, தோல்வி மட்டும் போடும் பாஸ்-ஃபெயில் முறைக்கு மாற்றிவிட்டாள் என்று வைத்துக்கொள்ளுங்கள். இப்போது 39.1-ஐ 10-ஆல் வகுத்து 3.91. பார்க்க அழகான எண். ஆனால் கிரேடு உள்ள கிரெடிட் 10தான், பட்டியலில் பெயர் வராது. ஜி.பி.ஏ.யைக் காப்பாற்றப் போய்ப் பட்டியலைக் கோட்டைவிட்ட கதை. "எஃப்-1 மாணவர் விசாவுக்கு வேண்டிய 12 கிரெடிட் இருந்ததே" என்பார்கள். விசாவுக்குப் பாஸ்-ஃபெயில் பாடமும் கணக்கில் சேரும். பட்டியலுக்குப் பெரும்பாலும் சேராது. இரண்டும் வேறு வேறு 12. அதே மாதிரி, ஒரு பாடம் 'இன்கம்ப்ளீட்' என்று தொங்கினாலும் பல இடங்களில் அந்தச் செமஸ்டர் போச்சு.

எம்.எஸ். படிக்கப் போகிறவர்கள் இந்தப் பட்டியலை எதிர்பார்க்கவே வேண்டாம். பெரும்பாலும் இளநிலை மாணவர்களுக்கு மட்டும்தான்.

எல்லாக் கல்லூரியிலும் பட்டியல் இருக்கும், எங்கும் ஒரே மதிப்பு என்று நினைப்பதும் தப்பு. எம்.ஐ.டி.யில் (குரோம்பேட்டை அல்ல, மாசசூசெட்ஸ்) டீன்ஸ் லிஸ்ட்டே கிடையாது, ஜி.பி.ஏ.யும் 5-க்குத்தான். பென்சில்வேனியா பல்கலைக்கழகம் 2023-இல் தன் டீன்ஸ் லிஸ்ட்டை நிறுத்திவிட்டது. பட்டம் வாங்கும்போது தரும் 'கம் லாடே' வகைச் சிறப்புகள் இதிலிருந்து வேறு. ஒரு செமஸ்டரை அல்ல, மொத்தப் படிப்பையும் வைத்துத் தருபவை. அதிலும் ஹார்வர்டில் 2001-இல் பட்டம் பெற்றவர்களில் 91 சதவீதம் பேர் ஏதோ ஒரு சிறப்போடு வெளியே வந்தார்கள் என்று செய்தி வந்து பெரிய கேலியானது. அதன்பிறகு அவர்கள் அதற்கு வரம்பு வைத்தார்கள். அதனால் ரெஸ்யூமேயில் 'பிரசிடென்ட்ஸ் லிஸ்ட்' என்று மொட்டையாக எழுதாதீர்கள். எந்தச் செமஸ்டர், எல்லை என்ன என்று அடைப்புக்குறிக்குள் போட்டால்தான் படிப்பவருக்கு ஏதாவது புரியும்.

பட்டியல் வெளியானதும் கூடவே வருவது, பணம் கட்டிச் சேரச் சொல்லி மாணவர் கௌரவக் கழகங்கள் அனுப்பும் 'நீங்கள் தேர்ந்தெடுக்கப்பட்டுள்ளீர்கள்' மின்னஞ்சல்கள். டீன்ஸ் லிஸ்ட்டுக்கோ பிரசிடென்ட்ஸ் லிஸ்ட்டுக்கோ யாரும் பணம் கட்ட வேண்டியதில்லை. ஆனால் பணம் கேட்டாலே மோசடி என்றும் சொல்ல முடியாது. 1776-இல் தொடங்கிய ஃபை பீட்டா கப்பா, பொறியியல் மாணவர்களுக்கான டௌ பீட்டா பை போன்ற மதிப்புள்ள கழகங்களும் ஒருமுறை சேர்க்கைக் கட்டணம் வாங்குகின்றன. உங்கள் கல்லூரியின் இணையதளத்தில் அந்தக் கழகத்தின் கிளை இருக்கிறதா, பொறுப்புப் பேராசிரியர் யார் என்று பாருங்கள். இல்லையென்றால் அந்தக் காசுக்கு நல்லதாகச் சாப்பிடலாம்.

கடைசியாகப் பெயர். நம்மவர்கள் மட்டும் மாட்டிக்கொள்ளும் இடம் இது. பாஸ்போர்ட்டில் ஒரே பெயர் இருந்து குடும்பப் பெயர்க் கட்டம் காலியாக இருந்தால், அமெரிக்க விசாவில் அந்த ஒரே பெயர் குடும்பப் பெயராகிவிடும். சொந்தப் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் எஃப்.என்.யு. என்று மூன்று எழுத்து விழும், 'பெயர் தெரியவில்லை' என்று அர்த்தம். கல்லூரிப் பதிவும் அதையே பிடித்துக்கொள்ளும். கௌரவப் பட்டியல் பொதுவில் வெளியிடக்கூடிய தகவல் என்பதால் அந்தப் பெயரோடுதான் வெளியே போகும். பல கல்லூரிகளில் விருப்பப் பெயரைப் பதிந்துகொள்ள வசதி உண்டு. முதல் செமஸ்டரிலேயே செய்துவிடுங்கள். தன் விவரம் எதுவும் வெளியே போகக்கூடாது என்று மாணவர் முன்பே எழுதிக் கொடுத்திருந்தால் பட்டியலில் பெயரே வராது. அதையும் ஒருமுறை சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

எங்கள் குழுவில் ஜனாதிபதி விவகாரத்தை நான் விளக்கி முடித்து எல்லோரும் அடங்கியபின், பெரியம்மா மட்டும் அந்தக் கடிதத்தைப் பெரிதாக்கிப் பார்த்துவிட்டுக் குரல் பதிவு போட்டார்: "அதெல்லாம் சரிப்பா. 'டியர் ஃப்னு'ன்னு போட்டிருக்கே, அது யாரு பொண்ணு?"