அமிச்சியின் தோட்டை ஸ்கேன் செய்து வெள்ளியில் வார்ப்பது

பழைய தோட்டைக் கடையில் போட்டுப் புதுசு வாங்கினால் அது உருக்குக்குப் போய்விடும், அந்த டிசைனும் அதோடு சரி. எங்கள் அமிச்சியின் (அம்மாவின் அம்மா) ஏழு கல் தோட்டுக்கு அந்தக் கதி வரக்கூடாது என்றுதான் அதை வெள்ளியில் வார்த்தேன். கோவையில் 3டி பிரிண்ட்டும் காஸ்டிங்கும் (வார்ப்பு) கூலிக்கே செய்து தருகிறார்கள்.

ஸ்கேனுக்குப் போன் போதும். ஆனால் பளபளப்பை மென்பொருள் பிடிக்காது. முகப் பவுடரை பிரஷ்ஷில் தொட்டு மெல்லத் தூவுங்கள். கோடுகளுக்குள் அடைத்துக்கொள்ள விடாதீர்கள். தோட்டைச் செய்தித்தாள் மேல் வைத்து, அதை அசைக்காமல் நீங்கள் சுற்றி வந்து 60, 70 படம் எடுங்கள். தாளில் உள்ள எழுத்துகளைக் கொண்டுதான் படங்கள் ஒன்றோடொன்று பொருந்தும். ஃபிளாஷ் வேண்டாம், நிழலான பகல் வெளிச்சமே நல்லது.

மெஷ்ரூம் என்ற இலவச மென்பொருள் படங்களை உருவமாக்கும். அதில் நிஜ அளவு இருக்காது. வெர்னியர் அளவுகோலால் தோட்டின் அகலத்தை அளந்து, பிளெண்டர் என்ற 3டி மென்பொருளில் சரிசெய்யுங்கள். கற்கள் குழம்பித்தான் வரும். அழித்துவிட்டு, கல் உட்காரும் குழிகளைப் புதிதாக வரையுங்கள். பின்பக்கத்தைக் குடையலாம், தகடு 0.8 மி.மீ.க்குக் குறைய வேண்டாம். வார்ப்பில் சுருங்கும் என்பதால் நூற்றுக்கு ஒன்றரை, இரண்டு பங்கு பெரிதாக்குங்கள்.

சுரையையும் (திருகாணி ஏறும் குழல்) திருகாணியையும் நான் வரையப் போனபோது ஆசாரி தடுத்தார்: "மரைய கம்ப்யூட்டர்ல வெக்காத கண்ணு, வார்ப்புல மழுங்கிப் போகும். நா கையில போட்டுப் பத்தவெச்சுத் தாரேன்." அவர் சொன்னதையே கேளுங்கள். அவ்வளவு நுணுக்கமான திருகு மரை வார்ப்பில் நிற்காது.

பிரிண்ட்டில் வரும் உருவம் ரெசின் என்ற பிளாஸ்டிக் மாதிரிப் பொருளில் இருக்கும். அதைச் சுற்றி அச்சு கட்டி, உள்ளே இருப்பதை எரித்துவிட்டு அந்த இடத்தில் வெள்ளியை ஊற்றுவார்கள். அதனால் பிரிண்ட்டுக்குக் கொடுக்கும் முன் காஸ்டிங் கடையில் எந்த ரெசின் எரிப்பார்கள் என்று கேட்பதுதான் முக்கியம். வழக்கமாக வார்ப்புக்கு வைக்கும் மெழுகு உருகி ஓடிவிடும். ரெசின் எரிந்துதான் போக வேண்டும். அதனால் அச்சை மெதுவாகச் சூடேற்றி 700 டிகிரிக்கு மேல் கொண்டுபோவார்கள். சாதா ரெசின் சாம்பல் தங்கி, வெள்ளியில் பொத்தல் பொத்தலாக விழும். வார்ப்புக்கென்றே உள்ள ரெசினில், 0.025 மி.மீ. அடுக்கில் கேளுங்கள். அப்போதுதான் படிக்கட்டுக் கோடு தெரியாது.

எடையையும் முன்பே போட்டுவிடலாம். பிளெண்டர் காட்டும் கன அளவில் 1 கன செ.மீ.க்கு 92.5 வெள்ளி (நூற்றுக்கு 92.5 பங்கு சுத்த வெள்ளி) சுமார் 10.4 கிராம். 400 கன மி.மீ. தோடு 4 கிராமுக்குக் கொஞ்சம் மேலே நிற்கும். அதையே 22 காரட் தங்கத்தில் செய்தால் எடை கிட்டத்தட்ட 1.7 மடங்கு.