தூரிகையிலிருந்து நடிப்புக்கு: ஓவியர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஓவியர்கள் நடிக்க வருவது புதிதில்லை. சிவகுமார் சென்னையில் முறையாக ஓவியம் படித்தவர், 1965-இல் திரைக்கு வந்தார். வீர சந்தானமும் ஓவியராக இருந்துகொண்டே படங்களில் நடித்தார். மனிதர்களை உற்றுப் பார்த்துப் பழகிய கண் நடிப்புக்குப் பெரிய சொத்து. ஆனால் பலரை முதலில் இடற வைப்பதும் அதே கண்தான்.

கேமரா முன் நிற்கும்போதே, தான் எப்படித் தெரிகிறோம் என்று மனம் வெளியே போய் நின்று பார்க்கத் தொடங்கிவிடும். தோளைச் சாய்த்தால் வெளிச்சம் கன்னத்தில் விழும், கையை இங்கே வைத்தால் கோணம் நன்றாக வரும் என்று கணக்குப் போடும். நிற்பது என்னவோ அழகாகத்தான் இருக்கும், ஆனால் எதிரில் இருப்பவர் பேசியது காதிலேயே விழுந்திருக்காது. காட்சிச் சட்டகம் (ஃபிரேம்) எப்படி அமைய வேண்டும் என்பதை ஒளிப்பதிவாளரிடம் விட்டுவிடுங்கள். இந்தப் பாத்திரம் எதிராளியிடம் எதைக் கேட்டு நிற்கிறது? மன்னிப்பா, கடனா, இன்னும் கொஞ்ச நேரம் கூட இருக்கச் சொல்கிறதா? அதைப் பிடித்துக்கொண்டால் தோள் தானாகச் சாயும்.

முகபாவத்திலிருந்து தொடங்குவதும் தவறு. மாடலை 30 நொடியில் விரைந்து வரையும்போது கண்ணையும் மூக்கையுமா வரைகிறோம்? உடலின் எடை எந்தக் காலில் இருக்கிறது, முதுகு எந்தப் பக்கம் வளைகிறது என்பதைத்தான் பிடிக்கிறோம். பாத்திரத்துக்குள்ளும் அந்த வழியாகவே நுழையுங்கள். குளோசப்பில் புருவம் லேசாக ஏறினாலே திரையில் பெரிதாகத் தெரியும், அதனால் முகத்தை வரையத் தேவையே இல்லை.

அப்புறம் மானிட்டர், அதாவது எடுத்த காட்சியைப் பார்க்கும் திரை. கேன்வாஸிலிருந்து பின்னால் நகர்ந்து பார்த்துத் திருத்திய பழக்கத்தில், ஒரு காட்சியை எடுக்கும் ஒவ்வொரு முறைக்கும், அதாவது ஒவ்வொரு டேக்குக்கும், ஓடிப்போய்ப் பார்ப்பார்கள். அடுத்த டேக்கில் அந்தத் திருத்தத்தைத்தான் நடிப்பார்கள். ஓவியத்தில் கடைசிக் கோடு வரை நம் கையில் இருந்தது. இங்கே எந்த டேக், எத்தனை நொடி என்பதை இயக்குநரும் எடிட்டரும் முடிவு செய்வார்கள். தனியாக வேலை செய்து பழகியவருக்கு இது வலிக்கும், எனக்குப் புரிகிறது. ஆனாலும் ஏற்றுக்கொள்ளத்தான் வேண்டும். செட்டின் வண்ணம் பிடிக்கவில்லை என்று கலை இயக்குநருக்கு யோசனை சொல்வதும் வேண்டாம்.

ஓவியர்கள் அதிகம் கவனிக்காமல் விடுவது குரலை. பல ஆண்டுகள் மௌனமாக வேலை செய்தவர்களுக்கு மூச்சு வசனத்தின் பாதியிலேயே நின்றுவிடும். தினமும் ஒரு பக்கத்தைச் சத்தமாக வாசியுங்கள். முடிந்தால் ஒரு நாடகக் குழுவில் சேர்ந்துவிடுங்கள்.

கன்டினியூட்டியும், அதாவது ஷாட்டுக்கு ஷாட் மாறாத தொடர்ச்சியும், முக்கியம். எந்தச் சொல்லில் டம்ளரை எடுத்தீர்களோ, மற்ற கோணங்களிலும் அதே சொல்லில் எடுக்க வேண்டும். கண்ணால் நினைவில் வைக்கத் தெரிந்த உங்களுக்கு இது எளிதாக வரும்.

ஆடிஷனுக்கு ஓவியங்கள் சூழ நிற்கும் படத்தை அனுப்பாதீர்கள். நடிகர்களைத் தேர்வு செய்பவர்களுக்கு வேண்டியது ஒப்பனையில்லாத முகம், நேராக ஒரு படம், பக்கவாட்டில் ஒரு படம். ஸ்கெட்ச் புத்தகத்தை மட்டும் வீட்டில் வைத்துவிட்டுப் போகாதீர்கள். படப்பிடிப்பில் காத்திருக்கும் நேரம்தான் அதிகம், அலுத்துப்போய் உட்கார்ந்திருப்பவர் முதுகை எப்படி வைத்திருக்கிறார் என்பதை வரைய அங்கே ஆட்களுக்குக் குறைவிருக்காது.