உங்கள் ஊர்க் கபடிக் குழுவின் வரலாற்றை எழுதுவது எப்படி? மெல்ரோஸ் ரக்பி கிளப்பை முன்னால் வைத்து ஒரு வழி

காரைக்குடியைச் சுற்றி எந்த ஊருக்குப் போனாலும் பொங்கலுக்குக் கபடி நடத்த ஒரு குழு இருக்கும். எப்போது தொடங்கியது, யார் தொடங்கினார்கள் என்று கேட்டுப் பாருங்கள், "அது எங்க அப்பா காலத்துலயே இருக்கு" என்பதோடு பேச்சு முடிந்துவிடும். வட்டிக்கடைப் பேரேட்டையும் மொய் நோட்டையும் தலைமுறை தலைமுறையாகக் காப்பாற்றிய மண்ணில் விளையாட்டுக்கு மட்டும் ஒரு நோட்டு இல்லை. இது எனக்குப் பெரிய குறை. எங்கள் குழுவின் வரலாற்றை எழுத உட்கார்ந்தபோது நான் முன்னால் வைத்துக்கொண்டது ஸ்காட்லாந்தின் மெல்ரோஸ் ரக்பி கிளப்பை. முட்டை வடிவப் பந்தைக் கையில் ஏந்தி ஓடும் ஆட்டம்தான் ரக்பி. மூவாயிரம் பேர்கூட இல்லாத ஊர் அது.

முதலில் வெற்றிகளை விட்டுவிட்டு, ஒவ்வொன்றும் ஏன் நடந்தது என்று தேடுங்கள். 1883-இல் மெல்ரோஸ் கிளப்பில் காசு இல்லை. இறைச்சிக் கடையில் வேலை பார்த்த நெட் ஹேக் என்ற ஆட்டக்காரர், ஒரே நாளில் பல குழுக்களை ஆடவைத்து வசூல் பண்ணலாம் என்று யோசனை சொன்னார். அணிக்கு 15 பேர் என்றால் ஒரு நாளில் முடியாது, அதனால் ஆளை 7 ஆகவும் நேரத்தைக் கால் மணியாகவும் குறைத்தார்கள். ஏப்ரல் 28 அன்று கிரீன்யார்ட்ஸ் மைதானத்தில் நடந்தது, ஊர்ப் பெண்கள் கோப்பை கொடுத்தார்கள். நம் கபடியிலும் களத்தில் 7 பேர்தான் என்பதால் இந்த இடம் எனக்கு ரொம்பப் பிடிக்கும். அந்த ஆட்டம்தான் 2016-இல் ரியோ ஒலிம்பிக் வரை போன ரக்பி செவன்ஸ். பணத் தட்டுப்பாடுதான் தங்களை மண்டையைக் குடைந்து யோசிக்க வைத்தது என்று ஹேக்கே பின்னாளில் எழுதிவைத்தார், அதனால்தான் காரணம் இன்றும் நம் கைக்குக் கிடைக்கிறது.

அப்புறம் காகிதம். கோப்பையில் பொறித்த எழுத்தைவிடப் பொங்கல் நோட்டீஸில் அதிகத் தகவல் இருக்கும். பழைய செயலாளர் வீட்டுத் தகரப் பெட்டியில் எனக்கு ஒரு ரோஸ் நிற நோட்டீஸ் கிடைத்தது, நாலு மூலையிலும் மஞ்சள் தடவிய கறை, மடித்த இடத்தில் கிழிசல். முதல் பரிசு கொடுத்தவர், பந்தல் போட்டவர், மைக்செட் உபயம் என்று எல்லாப் பெயரும் இருந்தது, ஆங்கில ஆண்டு மட்டும் இல்லை. 'ருத்ரோத்காரி வருடம் தை 2' என்று இருந்தது. ருத்ரோத்காரி 1983 சித்திரையில் பிறந்த வருடம், ஆனால் தை மாதம் வருவதற்குள் ஆங்கில ஆண்டு மாறிவிடும், ஆகவே போட்டி நடந்தது 1984 ஜனவரி. நான் முதலில் 1983 என்றே எழுதிவிட்டேன், பிறகுதான் திருத்தினேன். தை, மாசி நோட்டீஸ் எல்லாவற்றிலும் இதைக் கவனியுங்கள். அறுபது வருடத்துக்கு ஒருமுறை அதே பெயர் திரும்ப வரும் என்பதும் நினைவில் இருக்கட்டும்.

பெரியவர்களிடம் போய் "குழுவின் வரலாற்றைச் சொல்லுங்கள்" என்று கேட்காதீர்கள். நோட்டீஸைக் கையில் கொடுத்து, "ஐயா, இந்த வருடம் கடைசி ரெய்டு போனது யார்?" என்று கேளுங்கள். அங்கிருந்து அவரே பேசிக்கொண்டு போவார். போனில் பதிவு செய்யுங்கள், சம்மதம் கேட்டுவிட்டு.

தோற்றவர்களையும் கேட்க வேண்டும், இதில் விட்டுக்கொடுக்காதீர்கள். மெல்ரோஸ் கிளப் 1877-இல் பக்கத்து ஊரான கேலாவோடு இருந்த கூட்டிலிருந்து பிரிந்து வந்தது. 1883 இறுதி ஆட்டமும் அதே கேலாவோடுதான். சமநிலை, கூடுதல் நேரம், அதில் மெல்ரோஸ் முதலில் டிரை போட்டது (எதிரணியின் எல்லைக் கோட்டைத் தாண்டிப் பந்தைத் தரையில் வைப்பதுதான் டிரை), உடனே ஜெயித்தோம் என்று களத்தைவிட்டு வெளியேறியது. மீதி நேரத்தையும் ஆடியிருக்க வேண்டும் என்று கேலா எதிர்ப்புச் சொன்னது. இரண்டு பக்கமும் பதிவில் இருப்பதால்தான் அந்த ஆட்டம் இன்றும் உயிரோடு தெரிகிறது. நம் ஊர்க் குழுக்களும் இப்படித்தான் பிரிந்திருக்கும், கோட்டுத் தகராறில் பாதியில் நின்ற ஆட்டமும் இருக்கும். அதை மறைக்காமல், யாரையும் இழிவாகச் சொல்லாமல், இரண்டு ஊர்க்காரர் சொன்னதையும் அப்படியே எழுதுங்கள்.

சாதனைப் பட்டியலுக்கு ஆண்டு, எதிரணி, புள்ளி, ஆடிய 7 பேர், மாற்று ஆட்கள் போதும். ஆனால் காலத்தையும் ஒரு வரி சேருங்கள். மெல்ரோஸ் 1989-90 முதல் 1996-97 வரையிலான எட்டுப் பருவங்களில் ஆறு முறை ஸ்காட்லாந்து லீக்கை வென்றது, ஜிம் டெல்ஃபர் பயிற்சி கொடுத்து வளர்த்த அணி அது. நடுவில், 1995-இல், ரக்பி சம்பள ஆட்டமாக மாறியது, நல்ல ஆட்டக்காரர்கள் தொழில்முறை அணிகளுக்குப் போனார்கள். அதன் பிறகும் 2011, 2012, 2014-இல் மறுபடி வென்றார்கள் என்று படிக்கும்போதுதான் அந்த மூன்றின் எடை புரியும். நம் பையன்கள் சிங்கப்பூருக்கும் மலேசியாவுக்கும் வேலைக்குப் போய் அணி கலைந்த வருடங்களையும் அப்படி எழுதுங்கள்.

எழுதியதை ஒரே ஆளிடம் வைக்காதீர்கள். மூன்று பிரதி எடுங்கள்: ஒன்று மன்றத்துக்கு, ஒன்று ஊர்ப் பள்ளிக்கூட நூலகத்துக்கு, ஒன்று வெளிநாட்டில் இருக்கும் பழைய ஆட்டக்காரர் யாருக்காவது. அடுத்த பொங்கலுக்குப் பரிசு கொடுத்து முடிந்ததும் மைக்கை அணைப்பதற்கு முன்னாலேயே அந்த வருடத்துப் பக்கத்தை எழுதி, இரண்டு அணித் தலைவர்களிடமும் கையெழுத்து வாங்கிவிடுங்கள்.